ருசி பார்க்காத கை

சாந்தகுமாரி வீட்டுச் சமையலறை அலமாரியில் நான்கு மாத்திரை டப்பாக்கள் வரிசையாக இருக்கும். ஒவ்வொன்றின் மேலும் ஒரு விரல் நீளத்துக்கு நீல நிற டேப் ஒட்டி, கறுப்பு மார்க்கரால் குண்டு குண்டாகத் தமிழில் எழுதியிருக்கிறது. ‘பிரஷர், காலையில், சாப்பிட்ட பிறகு.’ ‘சுகர், காலையும் இரவும், சாப்பாட்டோடு.’ ‘கொழுப்பு, படுக்கப் போகும்போது.’ நான்காவதில் மட்டும் இரண்டு வரி. ‘வலி மாத்திரை. ரொம்ப வலித்தால் மட்டும், தினமும் போடாதீங்க அக்கா.’

எழுதியவன் அகில். எழுதினேன் என்று அவன் ஒரு நாளும் சொன்னதில்லை.

சாந்தகுமாரிக்கு வயது நாற்பத்தெட்டு. ஐந்தாம் வகுப்போடு படிப்பு நின்றுவிட்டது. ஆங்கிலத்தில் தன் பெயரை எழுதுவாள், பஸ் நம்பர் படிப்பாள், அவ்வளவுதான். ஆக்லாந்தின் சான்ட்ரிங்ஹாம் மெயின் ரோட்டில் ஒரு டிபன் கடையில் தோசைக்கல் அவள் பொறுப்பு. ஒரு நாள் அந்தக் கல்லுக்கு முன்னாலேயே கண் இருட்டி, மாவு வாளியைப் பிடித்துக்கொண்டு தரையில் உட்கார்ந்துவிட்டாள். காலையில் பிரஷர் மாத்திரைக்குப் பதிலாக சுகர் மாத்திரையை இரண்டு தரம் போட்டிருக்கிறாள். இரண்டும் வெள்ளை, இரண்டும் வட்டம். வீட்டில் சொன்னால் கணவர் பாஸ்கரன் கேலி பண்ணியே ஒரு மாதம் ஓட்டுவார் என்று யாரிடமும் சொல்லவில்லை. மறுநாள் இரண்டு மாத்திரைகளையும் ஜன்னல் வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்துப் பார்த்துக்கொண்டிருந்தபோது, தண்ணீர் எடுக்க வந்த அகில் வாசலில் ஒரு நொடி நின்றான். தண்ணீர்கூட எடுக்காமல் திரும்பிப் போனான்.

அடுத்த நாள் காலையில் டப்பாக்களில் நீல டேப் ஒட்டியிருந்தது. அவள் படித்துப் பார்த்தாள். அவனிடம் கேட்கவில்லை. கேட்டால் தனக்கு ஆங்கிலம் படிக்கத் தெரியாதது ஒரு பேச்சாகிவிடும். அவனுக்கும் அது தெரிந்திருக்கும். அதனால்தான் அவனும் சொல்லவில்லை.

அந்த வீட்டின் பின்னறையில் வாடகைக்கு இருந்தவன் அகில். ஒட்டன்சத்திரத்துப் பையன், இருபத்து நாலு வயது. ஆக்லாந்து நகர மையத்தில் ஒரு கல்லூரியில் சரக்குப் போக்குவரத்து சம்பந்தமாக என்னவோ படித்து முடித்தான். படித்த படிப்புக்கு வேலை தேடி எட்டு மாதம் அலைந்தான். போன இடமெல்லாம் ஒரே கேள்வி, இந்த ஊரில் வேலை பார்த்த அனுபவம் உண்டா என்று. வேலை கொடுத்தால்தானே அனுபவம் வரும். கடைசியில் துறைமுகம் பக்கம் ஒரு பாரில் காலி கிளாஸ் பொறுக்குகிற வேலை கிடைத்தது.

சேர்ந்த அன்றைக்கே சாந்தகுமாரி முன்னால் வந்து நின்றான்.

“அக்கா, நான் ஒரு பார்ல வேலைக்குச் சேந்திருக்கேன். சாராயம் விக்கிற இடந்தான். உங்க வீட்ல சாமி இருக்கு, விளக்கு எரியுது. இருக்கலாமா, வேற ரூம் பாக்கவா, சொல்லுங்க.”

ஹாலில் ஷூவுக்கு பாலிஷ் போட்டுக்கொண்டிருந்த பாஸ்கரன்தான் பதில் சொன்னார். அவர் பஸ் டிரைவர்.

“ஏன்டா, நான் வெள்ளிக்கிழமை சாயங்காலம் ஓட்டுற பஸ்ல முக்காவாசிப் பேரு உங்க கடையிலிருந்துதான் வர்றான். நீ ஏத்தி விடு, நான் இறக்கி விடுறேன். ரெண்டு பேரும் ஒரே கம்பெனிதான்.”

சாந்தகுமாரி சிரித்துவிட்டாள். “குளிச்சிட்டு அடுப்படிக்கு வா தம்பி. அது போதும்” என்றாள்.

அந்தச் சொல்லை அவன் ஒரு நாளும் மீறவில்லை. எத்தனை மணிக்கு வந்தாலும் குளித்துவிட்டுத்தான் சமையலறைக்குள் கால் வைப்பான். பசியோடு வந்து, தலை ஈரம் சொட்டச் சொட்ட நின்று, மூடி வைத்த சாதத்தைத் திறப்பான். ஊரில் அப்பா அம்மாவுக்கு மட்டும் ‘ஹோட்டல் வேலை’ என்று சொல்லியிருந்தான்.

நான்கு மாதம் கிளாஸ் பொறுக்கினான். ஒன்றுகூட உடைக்கவில்லை. அதைக் கவனித்த பிரனீல் அவனைக் கவுண்டருக்கு உள்ளே கூப்பிட்டுக்கொண்டான். பிரனீல்தான் அங்கே மூத்த பார்டெண்டர். முப்பது வயதிருக்கும். பிஜித் தீவிலிருந்து வந்த குடும்பம். பாட்டன் முப்பாட்டன் காலத்தில் தமிழ்நாட்டிலிருந்து கரும்புத் தோட்டத்துக்குப் போனவர்களின் வழி. தமிழ் பேச வராது. ஆனால் சாமி, பூசை, விரதம் என்று நாலைந்து சொல் அவன் வாயில் உண்டு.

உள்ளே போன பிறகுதான் அகிலுக்கு முகம் தெளிந்தது. சாந்தகுமாரியின் எவர்சில்வர் டம்ளர்களை எடுத்து வைத்துக்கொண்டு, பச்சைத் தண்ணீரைப் பாட்டிலில் ஊற்றி அளந்து பழகுவான். முப்பது மில்லி என்றால் முப்பதேதான், கண்ணை மூடிக்கொண்டு ஊற்றினாலும் ஒரு சொட்டு கூடாது. இரண்டு பெரிய டம்ளரை வாயோடு வாய் வைத்து மூடி, தோளுக்கு மேலே தூக்கிக் குலுக்குவான். ஒரு நாள் அதில் மோரும் இஞ்சியும் ஐஸும் போட்டுக் குலுக்கி பாஸ்கரனுக்குக் கொடுத்தான். அவர் மீசையில் நுரை ஒட்டியது.

“இருபத்தஞ்சு வருசமா இவ கையால மோர் குடிக்கிறேன்டா. இன்னைக்குத்தான் மோர் குடிச்ச மாதிரி இருக்கு.”

“நாளையிலேர்ந்து அவனையே கட்டிக்கோங்க” என்றாள் சாந்தகுமாரி.

பிள்ளை இல்லாத வீடு அது. அந்தச் சிரிப்பு அவர்களுக்குப் பழக்கமில்லாத சிரிப்பு. அவன் வேலையைப் பற்றிச் சொல்லச் சொல்ல அவளுக்கும் கேட்கப் பிடித்திருந்தது. எலுமிச்சைச் சாறு, சர்க்கரைப் பாகு, தேங்காய்ப் பாகு, பாதாம்பாகு எல்லாம் தனித்தனி பிளாஸ்டிக் பாட்டிலில் ஐஸ் தொட்டிக்குள் நிற்குமாம். ஒவ்வொன்றிலும் நீல டேப் ஒட்டிப் பெயரும் தேதியும் எழுத வேண்டுமாம். அந்த டேப் உருளையில் ஒன்றுதான் அவள் மாத்திரை டப்பாவுக்கு வந்து சேர்ந்தது.

“அக்கா, நீங்க சாம்பாருக்கு உப்பு பாப்பீங்கள்ல, அந்த மாதிரி நாங்களும் பாக்கணும். ஒரு ஸ்ட்ராவைக் கிளாஸ்ல விட்டு, மேல விரலால மூடி எடுத்தா ஒரு சொட்டு நிக்கும். அதை நாக்குல வச்சுப் பாத்துட்டுத்தான் வெளிய கொடுக்கணும். குடிக்கிறதில்லக்கா, ஒரு சொட்டுதான். அது பாக்காம ஒரு கிளாஸ்கூட எங்க கவுண்டர் தாண்டாது.”

“ஒரு சொட்டுன்னாலும் அது அதுதானே தம்பி” என்றாள் அவள். மனசுக்குள் அது ஒரு முள்ளாகக் கிடந்தது.

டிசம்பர் வந்தது. அகிலின் விசா ஏப்ரலோடு முடிகிறது. பார் முதலாளி அவனைக் கூப்பிட்டு, பிப்ரவரி கடைசியில் டூட்டி மேனேஜர் வேலைக்குக் காகிதம் தருகிறேன், அதை வைத்து விசாவை நீட்டிக்கொள் என்று சொல்லியிருந்தார். அந்தக் காகிதம் வந்தால் இங்கே இருப்பான். வராவிட்டால் மூட்டை கட்ட வேண்டும். அவன் அதைப் பற்றி அதிகம் பேசவில்லை. சாந்தகுமாரிதான் தோசை வார்க்கும்போதெல்லாம் அதையே நினைத்துக்கொண்டிருந்தாள். மார்கழி முதல் தேதி நெருங்குகிறது, அதிலிருந்து கணக்குப் பார்த்தால் தைப்பூசத்துக்குச் சரியாக நாற்பத்தெட்டு நாள் வருகிறது என்று அவளுக்குப் பட்டது. முருகனே வழி காட்டின மாதிரி இருந்தது.

“தம்பி, மாலை போட்டுக்கயேன்.”

அகில் சிரித்தான். “நான் பார்ல வேலை பாக்குறவன்கா. எனக்கு எதுக்கு மாலை.”

“ஊத்துறது உன் தொழில். அதை முருகன் பாத்துக்குவார். உன் நாக்குல படாம இருந்தா போதும்.”

“அந்த ஸ்ட்ரா விசயம் சொன்னேனேக்கா. ருசி பாக்காம எப்படிக் கொடுக்கிறது?”

அப்போது அவள் சொன்னதை, பிறகு எத்தனையோ தரம் தன் வாய்க்குள் திரும்பப் போட்டு மூட முடியாதா என்று அவள் நினைத்திருக்கிறாள்.

“நான் பதினாலு வருசமா கோயிலுக்குப் புளியோதரை பண்ணித் தர்றேன். ஒரு நாளாவது உப்பு பாத்திருப்பேனா? சாமிக்குப் படைக்கிறதை நாக்குல வைக்கலாமா? கை சொல்லும் தம்பி. கைக்குத் தெரியும். நாப்பத்தெட்டு நாள்தானே. ஒரு சொட்டுகூட நாக்குல படாதுன்னு சாமி படத்துக்கு முன்னால சொல்லு.”

அவன் கொஞ்ச நேரம் சாமி படத்தைப் பார்த்தான். பிறகு அவள் முகத்தைப் பார்த்தான். சொன்னான்.

பாஸ்கரன் அன்றைக்குச் சாயங்காலம் கேள்விப்பட்டு, “பார்ல ஒரு சாமி, பஸ்ல ஒரு ஆசாமி. குமாரி, உன் வீடு கைலாசமாயிட்டு வருது” என்றார். ஆனால் குருக்கள் மாலை போட்டபோது அவரும் கூடப் போய்க் கும்பிட்டார்.

அகில் விரதத்தை விளையாட்டாக எடுத்துக்கொள்ளவில்லை. விடியலில் ஒரு குளியல், வேலை முடிந்து ஒரு குளியல். தரையில் படுக்கை. கடையில் கட்டாயமாகப் போடும் கறுப்புச் சட்டைக்குள் மாலையை மறைத்துக்கொண்டான். தாடி வளர்ந்தது. பிரனீல் முதல் நாளே கண்டுபிடித்துவிட்டான். அவன் அப்பா பிஜியில் தீ மிதிப்பவராம். பத்து நாள் விரதம் என்றால் என்ன என்று பார்த்து வளர்ந்தவன்.

“நீ கலக்கு, நான் ருசி பாக்குறேன். உன் புண்ணியத்துல பாதி என் பேருக்கு எழுதிடு, சாமியாரே” என்று சொன்னானாம். அகில் இதை வீட்டில் வந்து சொன்னபோது சாந்தகுமாரிக்கு நிம்மதியாக இருந்தது. நல்லவேளை, முருகன் ஒரு துணையையும் அனுப்பியிருக்கிறார் என்று நினைத்தாள். அன்றைக்குப் பிரனீல் பேருக்கும் சேர்த்து ஒரு சூடம் கொளுத்தினாள்.

முப்பத்தெட்டு நாள் அப்படியே போயிற்று. அகில் கலக்குவான், கிளாஸை இரண்டடி நகர்த்தி வைப்பான், பிரனீல் ஸ்ட்ராவை விட்டு எடுத்து நாக்கில் வைத்துத் தலையாட்டுவான்.

முப்பத்தொன்பதாம் நாள் சனிக்கிழமை. அந்த ஊரில் ஜனவரி என்றால் கோடை வெயில். மூன்று மணிக்கே கடை நிறைந்திருந்தது. ஜன்னல் ஓரத்து மேசையில் ஒரு பிறந்தநாள் கூட்டம், ஏழெட்டு இளம்பெண்கள். அதில் ஒருத்தி எழுந்து கவுண்டருக்கு வந்து, தனக்குக் கொட்டை வகை எதுவும் ஆகாது, பாதாம் முந்திரி எதுவும் பட்டால் மூச்சு நின்றுவிடும் என்று சொன்னாள். அகில் ஆர்டர் சீட்டில் ‘ஹானா’ என்று அவள் பெயரைப் போட்டு அதை எழுதிக்கொண்டான். தேங்காயும் அன்னாசியும் போட்ட பானம் ஒன்று கேட்டாள். இதில் கொட்டை இருக்கா என்று இன்னொரு தரமும் கேட்டாள். இல்லை என்றான்.

ஐஸ் தொட்டியில் இரண்டு பாட்டில்கள் நின்றன. ஒன்றில் தேங்காய்ப் பாகு, ஒன்றில் பாதாம்பாகு. இரண்டும் பால் மாதிரி வெள்ளை. வெயிலுக்கு ஐஸ் கரைந்துகொண்டே இருந்ததில் இரண்டு டேப்பும் ஊறி, உரிந்து, தண்ணீரில் மிதந்தன. அகில் ஒன்றை எடுத்து மோந்து பார்த்தான். கை முழுக்க அன்னாசி வாசனை, சுற்றிலும் அதே வாசனை. வலது பக்கம் எப்போதும் தேங்காய்தான் வைப்பார்கள் என்று கை சொன்னது. கலக்கி, கிளாஸை இரண்டடி நகர்த்தி வைத்தான். பிரனீல் இல்லை. பீர் பீப்பாய் தீர்ந்துபோய் மாற்றுவதற்குக் கீழே இறங்கியிருந்தான். கூப்பிட்டுப் பார்த்தான். சத்தத்தில் கேட்கவில்லை. ஐந்து பேர் வரிசையில் நின்று கவுண்டரைத் தட்டிக்கொண்டிருந்தார்கள். கையில் ஸ்ட்ராவை எடுத்துவிட்டானாம். கிளாஸ் வரைக்கும் கொண்டுபோய்விட்டானாம். பிறகு அதைக் கீழே வைத்துவிட்டு, கிளாஸை அந்தப் பெண்ணிடம் கொடுத்தான்.

அவள் இரண்டு வாய்தான் குடித்தாள்.

அன்றைக்கு அவன் இன்னும் வெயில் இருக்கும்போதே வீட்டுக்கு வந்துவிட்டான். ரொம்ப நேரம் குளித்தான். வெந்நீர் தீர்ந்து, பச்சைத் தண்ணீர் வந்த பிறகும் நிறுத்தவில்லை. சாந்தகுமாரி சாதம் போட்டாள். உட்கார்ந்து பிசைந்தான், சாப்பிடவில்லை.

“உடம்பு சரியில்லையா தம்பி?”

“இல்லக்கா. லீவு.”

“எத்தனை நாளு?”

“தெரியலக்கா.”

மூன்று நாள் அறையை விட்டு வெளியே வரவில்லை. காலையும் மாலையும் குளிக்க மட்டும் வருவான். போனைக் கையிலேயே வைத்திருந்தான். செவ்வாய்க்கிழமை ஒரு போன் வந்தது. கேட்டுவிட்டு, சுவரோடு சரிந்து உட்கார்ந்து இரண்டு கையாலும் முகத்தை மூடிக்கொண்டான். ஊரில் யாருக்காவது ஏதாவது ஆகிவிட்டதோ என்று அவள் பதறினாள். “நல்ல சேதிதான்கா” என்றான். அழுதுகொண்டே சொன்னான். அவளுக்கு ஒன்றும் விளங்கவில்லை.

புதன்கிழமை பிரனீல் வீட்டுக்கு வந்தான். ஒரு பையில் அகிலின் குலுக்கும் டம்ளர்கள், கறுப்புச் சட்டை, மார்க்கர் எல்லாம் கொண்டுவந்திருந்தான். அகில் குளித்துக்கொண்டிருந்தான். பிரனீல் ஹாலில் உட்கார்ந்து ஆங்கிலத்தில் பேசினான். பாஸ்கரன் கேட்டுக் கேட்டுத் தமிழில் சொன்னார்.

“ஒரு பொண்ணுக்கு நம்ம பையன் கொடுத்த கிளாஸ்ல பாதாம் இருந்திருக்கு… தொண்டை வீங்கிடுச்சாம்… ஆம்புலன்ஸ் வந்திருக்கு. ரெண்டு நாள் குழாய் போட்டு வச்சிருந்திருக்காங்க. நேத்துத்தான் கண்ணைத் தொறந்திருக்கு. உயிருக்கு இனி பயமில்லையாம்.”

“முருகா” என்றாள் சாந்தகுமாரி.

“முதலாளி ஒரே ஒரு கேள்விதான் கேட்டாராம், ருசி பாத்தியான்னு. பாத்தேன், எனக்கு வித்தியாசம் தெரியலைன்னு சொல்லியிருந்தா, டேப்பு உரிஞ்சது மேலயும் பீப்பாய் மாத்தப் போன இவன் மேலயும் பாதிப் பழி போயிருக்கும். இவனே அப்படிச் சொல்லச் சொன்னானாம். நம்ம பையன் பாக்கலைன்னு சொல்லிட்டான். ஏன் பாக்கலைன்னு கேட்டதுக்கு வாயே தொறக்கலை. வேலை போச்சு. காகிதமும் போச்சு.”

பிரனீல் இன்னும் ஏதோ சொன்னான். தன் கழுத்தைத் தொட்டுக் காட்டினான். பாஸ்கரன் அதைத் தமிழில் சொல்லவில்லை.

“என்ன சொல்றான்?”

“ஒண்ணுமில்ல.”

“விரதம்னு சொன்னான். எனக்குக் கேட்டுச்சு.”

பாஸ்கரன் தரையைப் பார்த்தார். திட்டியிருந்தால்கூட அவள் தாங்கியிருப்பாள்.

பிரனீல் போன பிறகு அவள் பின்னறை வாசலில் போய் நின்றாள். அகில் தரையில் சுவரைப் பார்த்துப் படுத்திருந்தான். கழுத்தில் மாலை அப்படியே இருந்தது.

“தம்பி.”

“தூங்கலைக்கா. சும்மாதான்.”

“விரதம்னு சொல்லியிருக்கலாமேப்பா. இங்க உள்ளவங்க சாமி விசயம்னா மதிப்பாங்க.”

அவன் திரும்பவில்லை. “சொன்னா முருகனைக் கொண்டுபோய்க் கூண்டுல ஏத்தின மாதிரி ஆயிரும்கா. அந்தப் பொண்ணு என்கிட்ட கேட்டது ஒண்ணே ஒண்ணு. கொட்டை இருக்கான்னு கேட்டுச்சு. இல்லைன்னு சொன்னது என் வாய்தானே.”

அவளுக்கு என்னால்தான் என்று சொல்ல வேண்டும் போலிருந்தது. வாய் வரை வந்தது. அவன் தோள் குலுங்குவதைப் பார்த்து, கதவைச் சாத்திவிட்டு வந்துவிட்டாள்.

மாலையைக் கழற்றிவிடு என்று பாஸ்கரன் சொன்னார். போட்டது போட்டதுதான் அண்ணே, கழட்டுற நாளைக்குத்தான் கழட்டணும் என்றான். மீதி நாட்களும் விடியலில் பச்சைத் தண்ணீரில் குளித்தான்.

தைப்பூசத்தன்று விடிகாலையில் சாந்தகுமாரி புளியோதரைக்கு அடுப்பு மூட்டினாள். புளிக்காய்ச்சல் கொதித்து எண்ணெய் பிரிந்தது. உப்பு ஜாடியைத் திறந்து கையில் அள்ளினாள். பதினாலு வருடம் அளவு கேட்காத கை. அன்றைக்கு அந்தக் கையில் இருப்பது கூடுதலா குறைவா என்று அவளுக்குத் தெரியவில்லை. கொஞ்சம் திரும்ப ஜாடியில் போட்டாள். மறுபடி எடுத்தாள். கரண்டி நுனியைத் தொட்டு நாக்கில் வைத்தால் தெரிந்துவிடும். வைக்கவும் முடியவில்லை, வைக்காமல் போடவும் பயம். அப்படியே எவ்வளவு நேரம் நின்றாளோ, பாஸ்கரன் வந்து அடுப்பை அணைத்தார். முருகனுக்கு அன்றைக்குப் படைத்த புளியோதரையில் உப்பே இல்லை. கோயிலில் யாரும் எதுவும் சொல்லவில்லை. காகிதத் தட்டுகளில் முக்கால்வாசி அப்படியே குப்பைத் தொட்டிக்குப் போனதை அவள் தூணோரம் நின்று பார்த்தாள்.

அகில் பால்குடம் எடுத்தான். மாலையைக் கழற்றிக் குருக்களிடம் கொடுத்தான். அர்ச்சனைத் தட்டை நீட்டினான்.

“பேர் சொல்லுங்கோ, நட்சத்திரம்?”

“ஹானா. நட்சத்திரம் தெரியாது சாமி.”

குருக்கள் நிமிர்ந்து பார்த்தார். அந்தப் பெயரைச் சொல்லி அர்ச்சனை செய்தார். மந்திரத்துக்கு நடுவில் அந்த வெள்ளைக்காரப் பெயர் வந்தபோது பக்கத்தில் நின்றவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். சாந்தகுமாரி கண்ணை மூடிக் கும்பிட முயன்றாள். விசா என்று வேண்ட நாக்கு எழவில்லை. நீ நாள் காட்டித்தானே நான் கேட்டேன், நான் கேட்டுத்தானே அவன் போட்டான் என்று முருகனிடம் கேட்டாள். அவர் வழக்கம்போல வேலைப் பிடித்துக்கொண்டு நின்றார்.

அதற்குப் பிறகு அகில் வேறு பார்களில் ஏறி இறங்கினான். இதற்கு முன்னால் வேலை பார்த்த இடத்தில் யாரைக் கேட்கலாம் என்பார்கள். பெயரைச் சொல்வான். அதோடு கூப்பிட மாட்டார்கள். ஒரே ஒரு கடையில் மட்டும் ஒரு சாயங்காலம் வேலை செய்து காட்டச் சொன்னார்கள். போய்விட்டு வந்து அவனே சொன்னான்.

“ஒவ்வொரு கிளாஸுக்கும் மூணு தரம் ஸ்ட்ரா போட்டேன்கா. போட்டுட்டுப் பாட்டிலைத் திரும்ப மோந்து பாத்தேன். கொடுத்துட்டு அவங்க குடிக்கிறவரைக்கும் மூஞ்சியவே பாத்துட்டு நின்னேன். ஒரு அம்மா என்னப்பா பாக்குறேன்னு கேட்டாங்க. கை நடுங்கிச் சிந்திருச்சு. போதும் தம்பி, வீட்டுக்குப் போன்னு சொல்லிட்டாங்க.”

சிரித்துக்கொண்டுதான் சொன்னான். அந்தச் சிரிப்பைப் பார்த்து அவள் தோசைக் கரண்டியைக் கீழே வைத்துவிட்டாள். வீட்டிலும் அவன் எதையும் நேராகச் சாப்பிடுவதில்லை. ரொட்டி பாக்கெட்டைத் திருப்பித் திருப்பி, பின்பக்கத்துச் சின்ன எழுத்தையெல்லாம் படிப்பான். அவனுக்கு ஆகாதது என்று உலகத்தில் எதுவும் கிடையாது. இருந்தாலும் படிப்பான்.

ஒரு நாள் பூ வாங்கிக்கொண்டு ஆஸ்பத்திரிக்குப் போனான். அந்தப் பெண் எப்போதோ வீட்டுக்குப் போய்விட்டாளாம், முகவரி தர மாட்டார்களாம். பூவைத் திரும்பக் கொண்டுவந்தான். சாமி படத்துக்குப் போடட்டுமா என்று அவள் கேட்டாள். வேண்டாம்கா என்றான். சிங்க் மேலே ஒரு டம்ளரில் வைத்தான். அது அங்கேயே வாடியது.

ஏப்ரல் மாதம் வந்தது. விசா முடிவதற்கு நான்கு நாள் முன்னால் டிக்கெட் போட்டான். ஊரில் ஹோட்டல் வேலை பிடிக்கவில்லை, வருகிறேன் என்று சொல்லியிருந்தான். அப்பா போனில் கத்தியது பின்னறையிலிருந்து ஹால் வரை கேட்டது. ஓம் முருகா என்று எழுதிய பழைய பையில் சட்டைகளை மடித்து வைத்தான். குலுக்கும் டம்ளர்களை எடுக்கவில்லை. அவை சமையலறை அலமாரியில், அவளுடைய டம்ளர்களோடு கவிழ்ந்து கிடந்தன.

புறப்படும் நாள் வெள்ளிக்கிழமை. பாஸ்கரன் லீவு போட்டுக் கார் ஓட்டினார். வழியில் ஹில்ஸ்பரோ தாண்டும்போது, “தலைவரே, ஊருக்குப் போய் மோர்க்கடை போட்டுடு. என்னைக் கேஷியராப் போடு” என்றார். அகில் “சரிண்ணே” என்றான். பாஸ்கரன் கண்ணாடி வழியாக அவனைப் பார்த்துவிட்டு மறுபடி ரோட்டைப் பார்த்தார்.

விமான நிலையத்தில் உள்ளே போகும் கதவுக்கு முன்னால் மூன்று பேரும் நின்றார்கள். சாந்தகுமாரி பொட்டலம் கட்டிக் கொண்டுவந்திருந்தாள். தயிர்சாதம்தான். அதற்கு மேல் எதையும் செய்ய அவளுக்குத் தைரியம் வரவில்லை. அவன் வாங்கிப் பையில் வைத்தான். குனிந்து காலைத் தொட வந்தவனைத் தடுத்து, அவன் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டாள். மூன்று மாதமாகத் தொண்டையில் நின்றதைச் சொல்லிவிட வேண்டும் என்று வழி முழுக்கத் தயார் பண்ணிக்கொண்டு வந்திருந்தாள்.

“தம்பி… அன்னைக்கு நான் மட்டும் உன்கிட்ட அப்படி…”

அவன் தலையை ஆட்டி நிறுத்தினான். கைகளை மெதுவாக விடுவித்துக்கொண்டான். அவள் புடவைத் தலைப்பு தோளிலிருந்து நழுவியிருந்ததை எடுத்துப் போட்டுவிட்டான். கண் அவளைப் பார்க்கவில்லை, தோளுக்குப் பின்னால் எங்கோ பார்த்தது.

“அக்கா, அந்த நீல டேப்பு ஈரம் பட்டா விட்டுரும். மாத்திரை டப்பாவை சிங்க் பக்கம் மட்டும் வச்சிராதீங்க.”